மண் தட்டை விட்டுப் பத்தமடைப் பாய்க்குப் போன பூனை: அடையாளம் பார்த்துச் சரிசெய்யும் வழி

ஏழெட்டு வருடம் ஒழுங்காக மண் தட்டில் போய்வந்த பூனை ஒரு நாள் பத்தமடைப் பாயில் மோண்டு வைத்தால் யாருக்கும் கோபம் வரத்தான் செய்யும். எங்கள் வளவில் எதிர்வீட்டு ஆச்சி இதற்கு உடனே தீர்ப்பு சொல்லிவிடுவார்: "ஏட்டி, நேத்து அதுக்கு நீ மீனு போடலல்லா, அதான் வஞ்சம் வச்சு மோண்டுருக்கு." பாளையங்கோட்டையில் இருபது வருடமாகப் பூனை வளர்க்கிறேன். வஞ்சம் வைத்த பூனையை இன்னும் பார்க்கவில்லை. வலித்த பூனை, பயந்த பூனை, நாற்றம் பொறுக்காத பூனை, மூட்டுப் பிடித்த பூனை எல்லாம் பார்த்தாயிற்று.

கடையில் லிட்டர் பாக்ஸ் என்று விற்பதைத்தான் மண் தட்டு என்கிறேன். வளர்ந்த பூனை அதை விட்டால் முதலில் மூன்று விஷயம் பாருங்கள். எங்கே போனது, எவ்வளவு போனது, உட்கார்ந்து போனதா நின்று போனதா. கீழே உள்ளவை எல்லாம் இந்த மூன்றை வைத்துத்தான்.

வீட்டில் இரண்டு மூன்று பூனை இருந்தால், செய்தது யார் என்று முதலில் தெரிய வேண்டும். பழைய செல்போனைக் கேமராவாக வைத்துவிட்டுத் தூங்கலாம். அல்லது இரவுக்கு ஒவ்வொன்றாகத் தனி அறையில் விட்டுப் பார்க்கலாம். இன்னொரு உபாயமும் உண்டு: கள்ளநோட்டு பார்க்கிற நீல டார்ச். விளக்கை அணைத்துவிட்டு அடித்தால் காய்ந்த மூத்திரக் கறை வெளிறிய மஞ்சளாக மினுங்கும். நான் முதல் தடவை அடித்துப் பார்த்தபோது நாங்கள் அறியாத ஆறு இடம் தெரிந்தது.

முக்குகிறது, ஒன்றும் வரவில்லை

மற்றதை எல்லாம் அப்புறம் படியுங்கள். தட்டில் போய் உட்கார்கிறது, முக்குகிறது, எழுந்து வேறு இடம் போய் மறுபடி உட்கார்கிறது, மண் காய்ந்தே கிடக்கிறது, அல்லது இரண்டு சொட்டுதான் இருக்கிறது. அடியில் நக்கிக்கொண்டே இருக்கிறது, கத்துகிறது, சாப்பிடவில்லை, வாந்தி எடுக்கிறது. அது கடுவன் பூனையாக, அதாவது ஆணாக, இருந்தால் உடனே டாக்டரிடம் தூக்கிக்கொண்டு போங்கள். நாளைக்குப் பார்க்கலாம் என்ற பேச்சே கிடையாது.

கடுவனுக்கு மூத்திரக் குழாய் மிகக் குறுகலானது. நுண்ணிய மணல் மாதிரி உப்புத் துகளும் சளியும் சேர்ந்து அதை அடைத்துவிடும். மூத்திரம் வெளியே போகாவிட்டால் ரத்தத்தில் பொட்டாசியம் ஏறி இதயத் துடிப்பைக் கெடுக்கும். ஒன்றிரண்டு நாளில் உயிர் போய்விடும். கருத்தடை செய்த கடுவனுக்கும் இது வரும்.

இதில் நான் பட்டது ஒன்று உண்டு. எங்கள் கருப்பனுக்கு அப்போது ஐந்து வயது. சித்திரை வெயில். முழுக்கக் காய்ந்த தீனிதான் போட்டுக்கொண்டிருந்தேன். சாயங்காலம் மூன்று தடவை தட்டில் போய் முக்கினான். மலச்சிக்கல் என்று நானே முடிவு செய்து ஒரு கரண்டி விளக்கெண்ணெய் கொடுத்துவிட்டுப் படுத்துவிட்டேன். காலையில் அடுக்களை மூலையில் சுருண்டு கிடந்தான், பக்கத்தில் வாந்தி. டாக்டர் மயக்க மருந்து கொடுத்துக் குழாய் போட்டபோது சிவப்புக் கஞ்சி மாதிரி ஒரு தட்டு நிறைய வந்தது. மூன்று நாள் டிரிப்பில் கிடந்து பிழைத்தான். பூனை முக்கினால் வெளிக்கிக்குத்தான் என்று நம் எல்லாருக்கும் தோன்றும். அந்த நினைப்பே இதில் எமன்.

வீட்டில் செய்யக் கூடாதவை இரண்டு. அடிவயிறு கல் மாதிரி உருண்டு இருக்கும், அதை அமுக்கிப் பார்க்காதீர்கள், மூத்திரப்பை வெடித்துவிடலாம். வலிக்கிறதே என்று பாராசிட்டமால் கொடுக்காதீர்கள். பூனையின் ஈரலால் அந்த மருந்தை முறிக்க முடியாது, ஒரு மாத்திரையே போதும் அதைக் கொல்ல.

நம் பக்கத்துக் கால்நடை மருந்தகங்களில் மாடும் ஆடும்தான் அதிகம் வரும். பூனைக்குக் குழாய் போடுகிற வசதி எல்லா இடத்திலும் இருக்காது. அதனால் பூனை நன்றாக இருக்கும்போதே விசாரித்து, பூனை பார்க்கும் டாக்டர் ஒருவரின் எண்ணைச் செல்லில் போட்டு வையுங்கள். ராமையன்பட்டியில் கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது, அங்கே எந்த நேரம் பார்ப்பார்கள் என்பதையும் முன்கூட்டியே கேட்டு வைப்பது நல்லது. ராத்திரி பதினொரு மணிக்குக் கூடையைத் தூக்கிக்கொண்டு தெருத்தெருவாக அலைகிற கொடுமை வேண்டாம்.

கொஞ்சம் கொஞ்சமாக, அடிக்கடி, குளிர்ந்த தரையில்

குளியலறைத் தரை, கழுவு தொட்டி, டைல்ஸ். இந்த மாதிரி வழுவழுப்பான இடத்தில் நெல்லிக்காய் அளவு நனைவு. சில சமயம் இளஞ்சிவப்பு நிறம். மூத்திரம் வருகிறது, ஆனால் எரிகிறது. தட்டில் போகும்போதெல்லாம் எரிந்தால் பூனை தட்டின் மேல்தான் பழி போடும். அதனால்தான் வேறு இடம் தேடுகிறது.

பத்து வயதுக்கு உட்பட்ட பூனைக்குப் பெரும்பாலும் இது கிருமியால் வருவதில்லை. மன உளைச்சலில் மூத்திரப்பை உள்ளே அழன்றுபோகிறது. விருந்தாள் வந்தது, தெருவில் புதுக் கடுவன் வந்தது, பொங்கலுக்கு வெள்ளையடித்தது, தீபாவளி வெடி, எதுவும் போதும். ஒரு வாரத்தில் தானாக அடங்கும், மறுபடி வரும். வயதான பூனைக்குக் கிருமியும் காரணமாக இருக்கலாம், கல்லும் இருக்கலாம். மூத்திரத்தைச் சோதித்துப் பார்க்காமல் மருந்துக்கடையில் ஆன்டிபயாடிக் வாங்கிப் போடுவதில் பிரயோஜனம் இல்லை. கடுவனாக இருந்தால் எந்த நேரமும் இது மேலே சொன்ன அடைப்பாக மாறலாம், கண் வைத்துக்கொண்டே இருங்கள்.

வீட்டில் நாம் செய்யக்கூடியது தண்ணீரைக் கூட்டுவது. நான் சாளையை உப்பும் உள்ளியும் போடாமல் வேகவைத்து, அந்தத் தண்ணியையும் சேர்த்தே ஊற்றுவேன். வெங்காயமும் பூண்டும் பூனைக்கு விஷம், அதனால் மீன் குழம்பைக் கழுவிப் போடுகிற வேலை வேண்டாம். கருவாடும் வேண்டாம். தண்ணீர்க் கிண்ணம் இரண்டு மூன்று இடத்தில், சோற்றுத் தட்டை விட்டுத் தள்ளி இருக்கட்டும். சித்திரை வைகாசியில் மண்சட்டியில் வைத்தால் எங்கள் பூனைகள் கூடக் குடிக்கின்றன.

குளம் மாதிரி போகிறது

ஒரு தடவைக்கு இவ்வளவா என்று நமக்கே ஆச்சரியமாக இருக்கும். தண்ணீர்ப் பாத்திரமும் சீக்கிரம் காலியாகும். வயது பத்தைத் தாண்டியிருக்கும். சிறுநீரகக் கோளாறு, சர்க்கரை, தைராய்டு மிகுதி இந்த மூன்றில் ஒன்றாக இருக்க வாய்ப்பு அதிகம். தட்டு சீக்கிரம் நனைந்து நாறுவதால்தான் வெளியே போகிறது.

காலையில் அளந்து ஊற்றி மறுநாள் காலையில் மிச்சத்தை அளந்து பாருங்கள். நாலு கிலோ பூனை ஒரு நாளில் 200 மில்லிக்கு மேல் குடித்தால் ரத்தமும் மூத்திரமும் சோதிக்க வேண்டும். குடிக்கிறதே என்று தண்ணீரைக் குறைத்துவிடாதீர்கள், அது நிலைமையை மோசமாக்கும்.

கிழட்டுப் பூனை தட்டின் விளிம்பு வரை வந்து, காலைத் தூக்கத் தயங்கி, வெளியிலேயே இருந்தால் மூட்டுவலி என்று வைத்துக்கொள்ளலாம். அலமாரி மேல் ஏறுவதையும் நிறுத்தியிருக்கும். தட்டின் ஒரு பக்கத்தை மூன்று அங்குல உயரம் வரை அறுத்து, முனையைத் தேய்த்து விடுங்கள்.

நின்றபடி, வாலை நடுக்கி, சுவரில்

இது மூத்திரம் பெய்வது இல்லை, கையெழுத்துப் போடுவது. பின்பக்கத்தைச் சுவருக்கோ கதவுக்கோ காட்டி, வாலை நிமிர்த்தி, நுனியை நடுக்கிக்கொண்டு பீச்சும். தட்டையும் வழக்கம்போலப் பயன்படுத்தும். கருத்தடை செய்யாத கடுவன் என்றால் வேறு ஆராய்ச்சி வேண்டாம், அறுவை செய்துவிடுங்கள். பெரும்பாலான கடுவன்கள் சில வாரத்தில் விட்டுவிடும். பருவத்துக்கு வந்து கத்துகிற பெட்டையும் இப்படிப் பீச்சும், அதற்கும் அறுவைதான்.

அறுவை முடிந்த பூனையும் பீச்சினால், எந்தச் சுவர் என்று பாருங்கள். தார்சாவின், அதாவது முன்கட்டின், ஜன்னல் பக்கம், முன்கதவு நிலை, வெளியிலிருந்து வந்த செருப்பு. வெளியே ஒரு கடுவன் நடமாடுகிறது என்று அர்த்தம். ஜன்னலின் கீழ்ப்பாதியில் காகிதம் ஒட்டி மறைத்து, வெளிச்சுவரையும் கழுவி விட்டாலே எங்களுக்கு ஒரு தடவை தீர்ந்தது.

தட்டுக்குப் பக்கத்திலேயே போகிறது

தட்டு இருக்கும் இடம் பூனைக்குச் சம்மதம், தட்டுதான் பிடிக்கவில்லை. முன்னங்கால் இரண்டையும் விளிம்பில் வைத்து நிற்பது, மண்ணைத் தோண்டாமல் சுவரைப் பிறாண்டுவது, முடித்ததும் காலை உதறிக்கொண்டு ஓடுவது எல்லாம் இதன் அடையாளம்.

முதலில் சுத்தம். ஒரு நாளைக்கு இரண்டு தடவை அள்ளுங்கள். வளர்ந்த பூனை நாளுக்கு இரண்டு முதல் நான்கு தடவை மூத்திரம் பெய்யும். இரண்டு நாள் விட்டால் எட்டு கட்டி வரை சேரும். அந்த இடத்தில் உங்களை நிற்கச் சொன்னால் நிற்பீர்களா? தினமும் அள்ளுவதில் இன்னொரு நன்மை: டாக்ஸோபிளாஸ்மா என்ற கிருமி பூனை மலத்தில் வந்தால், அது மனிதருக்குத் தொற்றும் நிலைக்கு வர ஒரு நாளாவது ஆகும். வீட்டில் கர்ப்பிணி இருந்தால் இந்த வேலையை வேறு யாராவது பார்க்கட்டும்.

அடுத்து அளவு. கடையில் விற்கிற தட்டு பெரும்பாலும் குட்டிக்குச் சரி. மூக்கிலிருந்து வால் தொடங்கும் இடம் வரை அளந்து, அதைப்போல ஒன்றரை மடங்கு நீளம் இருக்க வேண்டும். பாத்திரக்கடையில் விற்கிற பெரிய பிளாஸ்டிக் டப் விலையும் குறைவு, பூனையும் தாராளமாகத் திரும்பும். மூடி போட்ட தட்டு நம் கண்ணுக்கு அழகு, உள்ளே போகிறவனுக்கு நாற்றம் அடைத்த பெட்டி.

பிறகு மண். இதில் நான் நிறையச் சோதனை செய்திருக்கிறேன். உமி லேசாக இருப்பதால் தோண்டினால் பறக்கும், பாதத்தில் குத்தும், பட்டாசல் (நடுக்கூடம்) முழுக்க வாரியலோடு அலைய வேண்டும். அடுப்புச் சாம்பல் வேண்டவே வேண்டாம், நனைந்தால் காரம் ஏறிப் பாதத்தைப் புண்ணாக்கும். எம்-சாண்ட் தூசி, முனையும் கூர். மர அறுவை மில் தூள் சுமாராகப் பரவாயில்லை. பூனைக்குப் பிடித்தது மென்மையான, சன்னமான மணல்தான். திசையன்விளைப் பக்கத்துச் செம்மணல் தேரியில் பூனையை விட்டால் அது இறங்கியே வராது, அத்தனை சன்னம். ஆனால் வீட்டில் போட்டால் நாலு நாளில் வெள்ளைச் சுவரெல்லாம் காவி. கடையில் விற்கிற, நனைந்தால் கட்டியாகிற களிமண் லிட்டர் விலை கூடுதல்தான், அள்ளச் சுலபம். வாசனை போட்டது வாங்காதீர்கள். மல்லிகை மணம் நமக்குத்தான், பூனையின் மூக்குக்கு அது அடி.

சாதா மணல் போடுகிறவர்கள் அரிப்பில் சலித்து, மச்சில் நன்றாகக் காயவைத்துப் போடுங்கள். இரண்டு அங்குல ஆழம் போதும். எதை விரும்புகிறது என்று தெரியாவிட்டால் இரண்டு டப்பைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒன்றில் ஒரு மண், மற்றதில் வேறு மண். ஒரு வாரத்தில் பூனையே சொல்லிவிடும்.

தட்டு இருக்கும் பக்கமே எட்டிப் பார்ப்பதில்லை

இடத்தில் ஏதோ பயம். எங்கள் செவலை ஒரு மார்கழியில் இப்படிச் செய்தாள். தட்டு புறவாசலில், தண்ணீர் மோட்டாருக்குப் பக்கத்தில் இருந்தது. ஒரு நாள் குழாயில் தண்ணீர் வருகிறதென்று நான் விடியற்காலை ஐந்து மணிக்கு மோட்டாரைப் போட்டபோது அவள் உள்ளே உட்கார்ந்திருந்தாள். கிர்ரென்ற சத்தத்தில் எம்பிக் குதித்தவள் அப்புறம் அந்தப் பக்கமே வரவில்லை. தட்டைக் கழுவினேன், மண்ணை மாற்றினேன், ஒன்றும் நடக்கவில்லை. கடைசியில் பட்டாசல் மூலையில், பழைய தட்டை எடுக்காமலேயே, இரண்டாவதாக ஒன்று வைத்தேன். அன்றைக்கே போனாள். வாஷிங் மெஷினும் இதே வேலையைச் செய்யும்.

இன்னொரு காரணம் சக பூனை. நம் பழைய வளவு வீடுகள் ரயில்பெட்டி மாதிரி: தார்சா, பட்டாசல், அடுக்களை, புறவாசல், ஒன்றைத் தாண்டித்தான் அடுத்தது. பின்னால் ஒரே தட்டு இருந்து, முரட்டுப் பூனை அடுக்களை நிலையில் படுத்துக்கொண்டால் சாதுப் பூனைக்குப் பாதை கிடையாது. சண்டையே இருக்காது, சும்மா பார்த்துக்கொண்டு படுத்திருக்கும், அவ்வளவுதான். பூனை எத்தனையோ அதைவிட ஒன்று கூடுதலாகத் தட்டு வேண்டும் என்பது பொதுக் கணக்கு. சின்ன வீட்டில் அது நடக்காது என்றால், வீட்டின் முன்பக்கம் ஒன்று, பின்பக்கம் ஒன்றாவது வையுங்கள். ஒரே மூலையில் மூன்று தட்டை அடுக்கினால் பூனைக் கணக்கில் அது ஒன்றுதான்.

ஐப்பசி மழை தொடங்கியதும்

தோட்டத்தில் போய்ப் பழகிய பூனைகளின் கதை இது. வருடம் முழுக்க முருங்கை மரத்தடியில் குழி தோண்டிப் போகும். ஐப்பசி, கார்த்திகையில் மண் சொதசொதவென்று ஆனதும் உள்ளே வந்து அரிசி மூட்டைப் பக்கம் இடம் பார்க்கும். தென்காசி, செங்கோட்டைப் பக்கத்துக்காரர்களுக்கு ஆனி, ஆடிச் சாரலிலேயே இது ஆரம்பித்துவிடும். 2023 டிசம்பர் வெள்ளத்தின்போது தாமிரபரணிக் கரையோரத்தில் தோட்டமே தண்ணீருக்குள் போனது, பூனை எங்கே போகும்?

புரட்டாசி முடிவதற்குள் உள்ளே ஒரு தட்டு வைத்து, அதில் தோட்டத்துக் காய்ந்த மண்ணையே பாதி கலந்து வையுங்கள். மழை வந்த பிறகு பழக்குவது கஷ்டம்.

வெளிக்கி மட்டும் வெளியே

மூத்திரம் தட்டில், மலம் வெளியே என்றால் மலத்தைப் பாருங்கள். ஆட்டுப் புழுக்கை மாதிரி கட்டியாக இருந்தால் மலச்சிக்கல், வலிக்கிறது. இளகியிருந்தால் வயிற்றுக் கோளாறு, புழு. பாரசீகப் பூனை மாதிரி மயிர் அடர்ந்தவற்றுக்குப் பின்னால் ஒட்டிக்கொள்ளும், அங்கே கத்தரித்து விட வேண்டும். எதுவும் இல்லை என்றால் தட்டு இன்னொன்று தேவை. சில பூனைக்கு இரண்டையும் ஒரே இடத்தில் போகப் பிடிக்காது. இரண்டு நாளாக மலமே இல்லாவிட்டால் டாக்டர்.

மெத்தை, பாய், துவைக்கப் போட்ட துணி

மூத்திர எரிச்சல் இருக்கிறதா என்று முதலில் சோதித்து விடுங்கள். இல்லை என்றால் மண் பாதத்தை உறுத்துகிறது, மெத்தென்ற இடம் தேடுகிறது. சன்னமான மண்ணுக்கு மாற்றி, கொஞ்ச நாளைக்கு அதன் மேல் ஒரு பழைய பருத்தித் துணித் துண்டு போட்டு வைத்தால் வழிக்கு வரும். துணியை நாளாக நாளாகச் சிறிதாக்குங்கள்.

கழுவுவதில் நடக்கும் தப்பு

மோண்ட இடத்தில் ஃபினாயில் ஊற்றுவதுதான் நம் வீடுகளில் முதல் காரியம். கறுப்பு ஃபினாயிலில் இருக்கும் ஃபீனால் வகைப் பொருள் பூனைக்கு விஷம். தரையில் நடந்து பாதத்தை நக்கினாலே உள்ளே போகும். அந்துருண்டையும் அப்படித்தான். பிளீச்சிங் பவுடர் வாசனைக்குச் சில பூனை கிறங்கி அங்கேயே மறுபடி வரும்.

முதலில் துணியால் ஒற்றி எடுத்து, கறை நீக்கும் என்சைம் சேர்ந்த சோப்புத்தூளை வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்து, கால் மணி நேரம் ஊறவிட்டுக் கழுவுங்கள். நன்றாக அலசிக் காய விடுங்கள். பழைய சிமெண்டுத் தரையும் தட்டோட்டுத் தரையும் உறிஞ்சி வைத்துக்கொள்ளும், இரண்டு மூன்று தடவை செய்ய வேண்டும். நமக்கு நாற்றம் போய்விட்டது என்பது பூனைக்குக் கணக்கில்லை. காய்ந்ததும் அந்த இடத்திலேயே சோற்றுக் கிண்ணத்தை வைத்துவிடுங்கள், சாப்பிடும் இடத்தில் பெய்யாது.

மூக்கைக் கறையில் தேய்ப்பது, வாரியலை ஓங்குவது எல்லாம் வேண்டாம். நாம் பார்க்கும்போது பெய்யக் கூடாது என்பதை மட்டும் அது கற்றுக்கொள்ளும், அடுத்த தடவை கட்டிலுக்கு அடியில் போகும்.

பழக்கம் விட்டே போய்விட்டால்

காரணத்தைச் சரிசெய்த பிறகும் சில பூனை பழைய இடத்துக்கே போகும். ஒரு சின்ன அறையில் ஒரு மூலையில் தட்டு, எதிர் மூலையில் தண்ணீரும் சோறும், படுக்க ஒரு பெட்டி வைத்து, ஒன்றிரண்டு வாரம் அதற்குள்ளேயே விடுங்கள். நீங்களும் தினம் போய் அதோடு உட்காருங்கள், சிறை மாதிரி ஆகிவிடக் கூடாது. ஒரு வாரம் முழுக்கத் தட்டிலேயே போனால் அடுத்த அறையைத் திறந்து விடுங்கள், அப்புறம் அதற்கடுத்தது. நடுவில் தவறினால் ஓர் அறை பின்னால் வாருங்கள்.

முழு வீட்டையும் திறந்துவிட்ட முதல் மாதம் கீழே எதையும் விரித்து வைக்காதீர்கள். எங்கள் பத்தமடைப் பாய் இன்னும் பரணில்தான் இருக்கிறது.